டிவியில் வானிலை, தோளில் பை: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பல வருடங்களாகத் தொலைக்காட்சியில் வானிலை சொல்லி வருகிறேன். வேலை இல்லாத நாட்களில் பெரும்பாலும் ஏதாவது ஒரு மலைப்பாதையிலோ கூடாரத்திலோ இருப்பேன். இரண்டு இடத்திலும் கேள்விகள் துரத்தும். மாணவர்கள் வேலையைப் பற்றிக் கேட்பார்கள், கூட நடப்பவர்கள் வானத்தைப் பற்றிக் கேட்பார்கள். "நேத்து வெயில்னு சொன்னீங்களே, என்ன ஆச்சு?" என்று பிடித்துக்கொள்பவர்கள் தனி ரகம். திரும்பத் திரும்ப வருகிற கேள்விகளுக்கு இங்கே ஒரே இடத்தில் பதில் சொல்லி வைக்கிறேன்.

நீங்கள் வானிலை படித்தவரா, இல்லை எழுதிக் கொடுப்பதை வாசிப்பவரா?

படித்துவிட்டுத்தான் வந்தேன். ஆனால் திரையில் வானிலை சொல்கிற எல்லோரும் அப்படி வந்தவர்கள் இல்லை. நாட்டுக்கு நாடு, சேனலுக்குச் சேனல் இது மாறும். பிரிட்டனில் பிபிசி திரையில் வந்தவர்களில் பலர் பல பத்தாண்டுகள் அந்நாட்டு வானிலைத் துறையான மெட் ஆபீஸின் ஊழியர்களாகவே இருந்தார்கள். அமெரிக்காவில் அமெரிக்க வானிலையியல் கழகம் ஒளிபரப்பு வானிலையாளர்களுக்கென்றே ஒரு சான்றிதழ் தருகிறது. அதற்குத் தேர்வு எழுத வேண்டும், திரையில் பேசிய பதிவுகளையும் அனுப்பி மற்ற வல்லுநர்களின் மதிப்பீட்டில் தேற வேண்டும். அதே நாட்டில் பல பத்தாண்டுகளாக என்பிசியின் காலை நிகழ்ச்சியில் வானிலை சொல்லும் அல் ரோக்கரிடம் வானிலையியல் பட்டம் கிடையாது. 2014-ல் 34 மணி நேரம் இடைவிடாமல் நேரலையில் வானிலை சொல்லி உலக சாதனை செய்தவர் அவர்தான்.

ஆகவே பட்டம் இல்லாமலும் நன்றாகச் சொல்லலாம். படிப்பு கைகொடுப்பது வேறு மாதிரி நாட்களில். காலையில் தயாரித்த வரைபடம் ஒன்று சொல்லும், ரேடார் வேறொன்று காட்டும், நேரலைக்கு இன்னும் 4 நிமிடம் இருக்கும். அப்போது யாரையும் கேட்டுக்கொண்டிருக்க முடியாது. இரண்டில் எதை நம்புவது என்று நாமே முடிவு செய்தாக வேண்டும்.

இந்த வேலைக்கு என்ன படிக்க வேண்டும்?

வானிலையியல் அல்லது வளிமண்டல அறிவியல். அது கிடைக்கவில்லை என்றால் இயற்பியல் படித்துவிட்டு முதுகலையில் வானிலைக்கு மாறலாம். மேகத்தை ரசிக்கிற ஆர்வத்தில் சேர்ந்து, இரண்டாம் வருடம் பாய்ம இயக்கவியல் (காற்றும் நீரும் ஓடும் விதத்தைப் பற்றிய இயற்பியல்) சமன்பாடுகளைப் பார்த்து ஓடிப்போனவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன். கணக்கு கண்டிப்பாக வேண்டும். கொஞ்சம் நிரல் எழுதத் தெரிந்தால் இன்னும் நல்லது, இன்று தரவு எல்லாம் அப்படித்தான் கையாளப்படுகிறது. ஒளிபரப்பு வானிலையியலை ஒரு தனிப் பிரிவாகவே நடத்தும் கல்லூரிகளும் உண்டு. அமெரிக்காவின் மிசிசிப்பி மாநிலப் பல்கலைக்கழகம் இதில் பெயர் பெற்றது.

அப்புறம் பேச்சு. இதற்கு யாரிடமும் அனுமதி வாங்க வேண்டியதில்லை. தினமும் செல்போனை எதிரில் வைத்து, கையில் காகிதம் இல்லாமல், நாளைய வானிலையைச் சரியாக 2 நிமிடம் சொல்லிப் பதிவு செய்யுங்கள். ஒரு மாதம் கழித்து முதல் நாள் பதிவைக் கேளுங்கள். வெட்கமாக இருந்தால் முன்னேறிவிட்டீர்கள் என்று அர்த்தம். சேனலில் வேலை கேட்கும்போது அவர்கள் முதலில் கேட்பதும் உங்கள் காணொளிப் பதிவைத்தான். மதிப்பெண் பட்டியலை அதற்கப்புறம்தான் புரட்டுவார்கள்.

ஒரு நாள் எப்படிப் போகும்?

காலை ஷிப்ட் என்றால் அலாரம் அதிகாலை 2:15-க்கு அடிக்கும். எழுந்ததும் நான் செய்கிற முதல் காரியம் வெளியே போய் நிற்பது. காற்று எந்தப் பக்கமிருந்து வருகிறது, நட்சத்திரம் தெரிகிறதா, புல் நனைந்திருக்கிறதா. இரண்டு நிமிடம் போதும். சக ஊழியர்கள் இதைக் கிண்டல் செய்வார்கள். ஆனால் கணினியில் "தெளிவான வானம்" என்று இருக்க, வெளியே நாலடி தூரத்துக்குமேல் கண் தெரியாத மூடுபனி நின்ற ஒரு நாளில் இந்தப் பழக்கம்தான் என்னைக் காப்பாற்றியது.

ஸ்டூடியோ போனதும் அளவீடுகளில் தொடங்குவேன். உலகம் முழுக்கப் பல நூறு இடங்களிலிருந்து தினமும் இரண்டு முறை, உலகப் பொது நேரம் 0 மணிக்கும் 12 மணிக்கும் ஒட்டி, பலூன்களைப் பறக்க விடுகிறார்கள். அதில் தொங்கும் சின்னக் கருவி வெப்பம், ஈரப்பதம், காற்று எல்லாவற்றையும் அனுப்பிக்கொண்டே சுமார் 30 கிலோமீட்டர் உயரம் வரை போகும், பிறகு பலூன் வெடித்துவிடும். அது அனுப்பியதைக் கோடாக வரைந்து பார்த்தால் இன்று மேகம் எவ்வளவு உயரம் வளரும், இடி வருமா என்று ஓரளவு பிடிபடும். அடுத்தது செயற்கைக்கோள் படம், ரேடார். வரப்போகும் வானிலையைக் கணக்கிட்டுச் சொல்லும் கணினி மாடல்களைக் கடைசியில்தான் திறப்பேன். முதலிலேயே திறந்தால் மூளை அதையே பிடித்துக்கொண்டு, மற்றதைப் பார்க்கும்போதும் மாடல் சொன்னதையே தேடும்.

மாடலிலும் ஒரே ஒரு விடையை நம்புவதில்லை. ஐரோப்பிய நடுத்தர கால வானிலை முன்கணிப்பு மையம் போன்றவை ஒரே கணக்கை, தொடக்க நிலையைத் துளித்துளி மாற்றி, சுமார் 50 தடவை ஓட்டுகின்றன. 50-ம் ஒரே பக்கம் சாய்ந்தால் தைரியமாகப் பேசலாம். சிதறிப் போனால் வாயை அடக்கிக்கொள்ள வேண்டும். இந்தச் சிதறலுக்குக் காரணம் சுவையானது. 1961-ல் எட்வர்ட் லாரன்ஸ் என்ற விஞ்ஞானி தன் கணினியில் பழைய கணக்கு ஒன்றை மறுபடி ஓட்டினார். 0.506127 என்ற எண்ணுக்குப் பதில் அச்சில் இருந்த 0.506 என்பதைப் போட்டார். அந்தச் சின்ன வித்தியாசம் வளர்ந்து, கொஞ்ச நேரத்தில் முற்றிலும் வேறொரு வானிலையே வந்து நின்றது. இரண்டு வாரத்துக்கு மேல் ஒரு குறிப்பிட்ட நாளின் வானிலையைச் சொல்ல முடியாமல் இருப்பதன் வேர் அங்கேதான் இருக்கிறது.

இதற்குப் பிறகு வரைபடங்களைத் தயார் செய்வேன். ஆம், பெரும்பாலும் நானே. முக ஒப்பனையும் நானே. செய்தி ஆசிரியர் "உனக்கு இரண்டரை நிமிடம்" என்பார். திரைக்கு முன்னால் போய் நிற்கும்போது அது ஒன்றே முக்கால் ஆகியிருக்கும். செய்தியில் எது நீண்டாலும் வெட்டு விழுவது வானிலைக்குத்தான்.

அந்த வரைபடம் உங்கள் பின்னால் உண்மையாகவே இருக்கிறதா?

இல்லை. பின்னால் இருப்பது வெறும் பச்சைச் சுவர். கணினி அந்தப் பச்சையை எடுத்துவிட்டு வரைபடத்தை வைக்கும். நான் பார்ப்பது இரண்டு பக்கமும் கேமராவுக்குக் கீழேயும் இருக்கும் மானிட்டர்களை. உங்களுக்கு இடப்பக்கம் தெரிகிற மேற்கு எனக்கு வலக்கைப் பக்கம் இருக்கும். முதல் வாரம் முழுக்க நான் மழையை ஒரு திசையில் தள்ள, வரைபடத்தில் மேகம் எதிர்த்திசையில் போய்க்கொண்டிருந்தது. பச்சை உடை போட்டால் வயிறு இருக்கும் இடத்தில் புயல் சுழலும் என்பது எல்லோருக்கும் தெரியும். யாரும் சொல்லாதது பளபளப்பான நகை, பட்டன்: சுவரின் பச்சை அதில் பட்டுத் தெறித்தாலே உடம்பில் சின்னச் சின்ன ஓட்டைகள் தெரியும். இப்போது பல இடங்களில் பச்சைச் சுவருக்குப் பதில் பெரிய எல்இடி திரையே வந்துவிட்டது. அங்கே பச்சைச் சட்டை போடலாம்.

எழுதி வைத்துப் படிப்பீர்களா?

செய்தி வாசிப்பவர்களுக்கு எதிரில் எழுத்து ஓடும். எங்களில் பலருக்கு அது கிடையாது. கையில் ஒரு சின்ன கிளிக்கர், அதை அழுத்தினால் அடுத்த வரைபடம் வரும், அதைப் பார்த்துப் பேச வேண்டியதுதான். காதில் தயாரிப்பாளர் "முப்பது… பதினைந்து… முடி" என்று எண்ணிக்கொண்டே இருப்பார். ஒருவர் காதுக்குள் எண்ணும்போது இன்னொரு எண்ணை, அதாவது வெப்பநிலையை, வாயால் சொல்வது கொஞ்ச நாள் பைத்தியம் பிடிக்க வைக்கும். அப்புறம் பழகிவிடும்.

வெளியில் சுற்றுகிற ஆர்வத்துக்கும் இந்த வேலைக்கும் உண்மையில் தொடர்பு உண்டா?

நிறையவே உண்டு. 1954 ஜனவரி 11 அன்று ஜார்ஜ் கௌலிங் என்பவர் பிபிசி தொலைக்காட்சியில் நேரடியாகத் தோன்றி வானிலை சொன்னார். அந்தச் சேனலில் ஒரு மனிதர் திரையில் நின்று வானிலை சொன்னது அதுவே முதல் முறை. காகித வரைபடத்தில் கையால் வரைந்து காட்டினார். மறுநாள் காற்று வீசும் என்பதை வெறும் வேகக் கணக்காகச் சொல்லி நிறுத்தாமல், துணி காயப்போட நல்ல நாள் என்றார். கேட்கிறவருக்கு வேண்டியது அதுதான். மணிக்கு 25 கிலோமீட்டர் காற்று என்றால் பலருக்கும் மனதில் எதுவும் தோன்றாது. கூடாரத்தின் துணி இரவெல்லாம் படபடத்துத் தூங்கவிடாது என்றால் புரியும்.

ஈரப்பதம் 90 சதவீதத்தில் மேடேறியவருக்கு அது என்ன என்று உடம்பு சொல்லும். வியர்வை ஆவியாகாது, எனவே உடல் குளிராது, பாதி வழியில் தலை சுற்றும். 5 டிகிரி வறண்ட குளிரைவிட 8 டிகிரியில் நனைந்த சட்டையும் காற்றும் சேர்ந்தால் ஆபத்து அதிகம் என்பதைப் பாடப்புத்தகத்தில் நானும் படித்திருந்தேன். ஒரு முறை விரல் மடங்காமல் கூடாரக் கயிற்றைக் கட்ட முடியாமல் நின்ற பிறகுதான் அதைத் திரையில் சொல்லும்போது என் குரல் மாறியது. பார்ப்பவர்களும் அதைக் கண்டுபிடித்துவிடுகிறார்கள். ஸ்டூடியோவிலேயே குடியிருக்கிறவர்கள் மழை என்றாலே "மோசமான வானிலை" என்பார்கள். காட்டுத்தீ எரியும் பகுதியில் இருப்பவருக்கு அது மோசமா? நான் அந்தச் சொல்லையே விட்டுவிட்டேன்.

"40 சதவீதம் மழை வாய்ப்பு" என்றால் என்ன?

நாளையைப் போன்ற 10 நாட்களை எடுத்துக்கொண்டால், நீங்கள் நிற்கும் இடத்தில் அவற்றில் 4 நாட்கள் மழை பெய்யும். அவ்வளவுதான். நாளில் 40 சதவீத நேரம் பெய்யும் என்றோ, ஊரில் 40 சதவீத இடத்தில் பெய்யும் என்றோ பொருள் இல்லை. இது குழப்புவதில் ஆச்சரியமும் இல்லை. கெர்ட் கிகரென்சர் என்ற உளவியலாளரும் அவர் குழுவினரும் ஏதென்ஸ், பெர்லின், ஆம்ஸ்டர்டாம், மிலன், நியூயார்க் ஆகிய 5 நகரங்களில் மக்களிடம் "30 சதவீத மழை" என்றால் என்ன என்று கேட்டு 2005-ல் முடிவை வெளியிட்டார்கள். பெரும்பாலோர் சரியாகச் சொன்ன நகரம் நியூயார்க் ஒன்றுதான்.

இதில் குறை பார்ப்பவர்களுடையது என்று நான் சொல்ல மாட்டேன். எதன் 30 சதவீதம் என்று நாங்கள் சொல்வதே இல்லை. அதனால் நான் எண்ணோடு ஒரு வாக்கியம் சேர்ப்பேன்: "மழை வராமல் போகத்தான் வாய்ப்பு அதிகம், ஆனாலும் மழைச்சட்டையைப் பையின் மேலேயே வையுங்கள்."

கணிப்பு தவறினால் என்ன செய்வீர்கள்?

மறுநாள் முதல் வரியிலேயே ஒப்புக்கொள்வேன். பாவனை செய்தால் மாட்டிக்கொள்வோம், ஏனென்றால் நனைந்தவருக்கு மழை பெய்தது தெரியும்.

இந்தத் தொழிலில் எல்லோரும் பாடமாகக் கேட்கிற கதை ஒன்று உண்டு. 1987 அக்டோபர் 15 அன்று பிபிசியில் மைக்கேல் ஃபிஷ், சூறாவளி வருகிறதாமே என்று ஒரு பெண் போனில் கேட்டதாகச் சொல்லி, கவலை வேண்டாம், அப்படி எதுவும் இல்லை என்றார். அன்றிரவு தெற்கு இங்கிலாந்தைப் பெரும் புயல் தாக்கியது. பிரிட்டனில் 18 பேர் இறந்தார்கள், சுமார் ஒன்றரைக் கோடி மரங்கள் விழுந்தன. காற்று பலமாக இருக்கும் என்றும் அதே அறிக்கையில் அவர் சொல்லியிருந்தார். அது யாருக்கும் நினைவில் இல்லை. அந்தத் தவறு ஒரு தனி மனிதருடையதும் இல்லை, அன்று கடலிலிருந்து வந்த அளவீடுகள் போதவில்லை. ஆனால் முகம் திரையில் யாருடையதோ, பழியும் அவருக்கே.

என் கதை சின்னது. ஒரு வெள்ளிக்கிழமை "வார இறுதி வறண்டிருக்கும்" என்று சிரித்த முகத்தோடு சொல்லிவிட்டு, நானே மறுநாள் மலை முகட்டில் தொப்பலாக நனைந்துகொண்டிருந்தேன். கீழே சமவெளியில் மழை இல்லைதான். ஈரக்காற்று சரிவில் மோதி மேலேறிக் குளிர்ந்து, முகட்டில் மட்டும் கொட்டியது. எதிரே வந்த ஒருவர் முக்காட்டுக்குள் எட்டிப் பார்த்து, "வறண்டிருக்கும்னு சொன்னது நீங்கதானே?" என்றார். அவர் கையில் சூடான பானம் இருந்தது, எனக்கும் கொஞ்சம் ஊற்றிக் கொடுத்தார். அன்றிலிருந்து சமவெளிக்கும் மலைக்கும் தனித்தனியாகத்தான் சொல்கிறேன்.

இன்னொன்றும் செய்கிறேன். நான் சொன்னதையும் நடந்ததையும் ஒரு நோட்டில் எழுதி வைக்கிறேன். நான் "70 சதவீதம்" என்ற நாட்களில் உண்மையில் எத்தனை நாள் பெய்தது என்று எண்ணிப் பார்ப்பது கசப்பான மருந்து. முதல் வருடம் மழையை மிகைப்படுத்திக்கொண்டிருந்தேன் என்று அதிலிருந்துதான் தெரிந்தது. நனைந்தவர் திட்டுவார், வீணாகக் குடை சுமந்தவர் திட்ட மாட்டார் என்ற கணக்கு என்னையறியாமல் உள்ளே ஓடியிருக்கிறது.

செல்போன் செயலி மலையில் ஏன் அடிக்கடி தவறாகிறது?

உலகம் முழுவதற்கும் கணக்குப் போடும் மாடல் பூமியைக் கட்டங்களாகப் பிரித்துக்கொள்ளும். நல்ல மாடலிலேயே ஒரு கட்டம் சுமார் 9 கிலோமீட்டர். அந்தக் கட்டத்துக்குள் உச்சியும் பள்ளத்தாக்கும் இரண்டும் இருந்தால், மாடலுக்கு அது நடுத்தர உயரத்தில் ஒரு மேடு, அவ்வளவுதான். செயலி காட்டும் வெப்பநிலை பெரும்பாலும் அடிவாரத்துக்கோ அந்தக் கற்பனை மேட்டுக்கோ உரியது. 1000 மீட்டர் ஏறினால் சராசரியாக 6.5 டிகிரி குறையும் என்பதை நினைவில் வைத்து நீங்களே கழித்துக்கொள்ளுங்கள். உச்சியில் காற்றும் கூடும், அதைத் தனியாகப் பாருங்கள்.

நீங்கள் மலைக்குப் போனால் எதைப் பார்ப்பீர்கள்?

காலையில் குட்டிப் பஞ்சு மேகங்கள் எத்தனை மணிக்கு முளைக்கின்றன என்று பார்ப்பேன். அகலம் அதிகமாக, உயரம் குறைவாக இருந்தால் நிம்மதி. 10 மணிக்கே உயரம் அகலத்தைத் தாண்டினால், மதியத்துக்கு மேல் இடி எதிர்பார்க்கலாம். வெயில் ஏற ஏறச் சரிவின் காற்று மேல்நோக்கி ஓடி மேகத்தைக் கொழுக்க வைக்கும். அதனால்தான் மலையில் பழகியவர்கள் விடியுமுன் கிளம்பி, மதியத்துக்குள் உச்சியிலிருந்து இறங்கிவிடுகிறார்கள்.

மேகத்தின் அடி எவ்வளவு உயரம் என்பதற்கு ஒரு சுலபக் கணக்கு உண்டு. தரை வெப்பநிலையிலிருந்து பனிப்புள்ளியை, அதாவது காற்று எந்த வெப்பத்துக்குக் குளிர்ந்தால் ஈரம் துளியாகுமோ அந்த எண்ணை, கழித்து 125-ஆல் பெருக்குங்கள். வெப்பம் 28, பனிப்புள்ளி 20 என்றால் வித்தியாசம் 8, ஆகவே சுமார் 1000 மீட்டர். நீங்கள் ஏறும் உச்சி அடிவாரத்திலிருந்து 1200 மீட்டர் என்றால், மேலே போய்ப் பார்ப்பது வெள்ளைச் சுவரைத்தான். வெயிலில் முளைக்கும் பஞ்சு மேகத்துக்கு மட்டும்தான் இது பொருந்தும்.

இரவில் நிலாவைச் சுற்றிப் பெரிய வளையம் தெரிந்தால், உயரத்தில் பனிப்படிக மேகம் மெல்லப் படர்ந்திருக்கிறது என்று பொருள். கையை நீட்டி விரல்களை விரித்தால் கட்டைவிரல் நுனியிலிருந்து சுண்டுவிரல் நுனி வரை எவ்வளவோ, நிலாவிலிருந்து வளையம் ஏறக்குறைய அந்தத் தூரத்தில் இருக்கும், சுமார் 22 டிகிரி. மிதவெப்ப நாடுகளில் ஓரிரு நாளில் மழைமுகம், அதாவது வெப்பக் காற்றும் குளிர் காற்றும் சந்தித்து மழை தரும் எல்லை, வருவதற்கு இது ஓரளவு நல்ல அறிகுறி. வெறும் அறிகுறிதான், பந்தயம் கட்ட வேண்டாம்.

மின்னலில் மட்டும் விளையாட்டு கிடையாது. ஒளிக்கும் சத்தத்துக்கும் நடுவே 3 விநாடிக்கு ஒரு கிலோமீட்டர் என்று கணக்கு. ஆனால் இடி காதில் விழுகிறது என்றாலே அடுத்த மின்னல் உங்களை எட்டும் தூரத்தில் இருக்கிறது. முகட்டை விட்டு இறங்குங்கள், தனி மரத்தின் கீழே நிற்காதீர்கள், கூடாரம் எந்தப் பாதுகாப்பும் தராது. கட்டடம் அல்லது உலோகக் கூரையுள்ள கார்தான் புகலிடம். கடைசி இடி கேட்டு 30 நிமிடம் ஆன பிறகு வெளியே வாருங்கள்.

புயலில் நின்று நேரலை கொடுப்பது தேவையா?

நானும் கொடுத்திருக்கிறேன், எனவே சாமியார் வேடம் போட மாட்டேன். ஒருவர் கண் முன்னால் காற்றில் தள்ளாடுவதைப் பார்த்தால்தான் சிலர் வீட்டை விட்டுக் கிளம்புவார்கள் என்ற வாதத்தில் கொஞ்சம் உண்மை உண்டு. ஆனால் 2013 மே 31 அன்று ஓக்லஹோமாவின் எல் ரெனோ அருகே வந்த சுழற்காற்றை நினைத்துக்கொள்வேன். சுமார் 4.2 கிலோமீட்டர் அகலம், சட்டென்று திசை மாறியது. பல ஆண்டு அனுபவமுள்ள ஆய்வாளர் டிம் சமாராஸ், அவர் மகன் பால், கூட்டாளி கார்ல் யங் மூவரும் இறந்தார்கள். வெதர் சேனல் குழுவினரின் வண்டியையும் அது தூக்கி எறிந்தது. அதில் இருந்தவர்கள் பிழைத்தார்கள். அனுபவமும் கருவிகளும் இருந்தவர்களுக்கே இந்த நிலை.

வெள்ளத்தில் முழங்கால் வரை நின்று பேசுவதை நான் இப்போது மறுத்துவிடுகிறேன். ஓடும் தண்ணீர் 15 சென்டிமீட்டர் இருந்தாலே ஆளைத் தள்ளிவிடும், 30 சென்டிமீட்டர் சின்னக் காரை மிதக்க வைக்கும். "தண்ணீரில் இறங்காதீர்கள்" என்று தண்ணீரில் நின்றுகொண்டே சொன்னால் யார் கேட்பார்கள்?

சம்பளம், விடுமுறை எப்படி?

சின்னச் சேனலில் தொடங்குபவர்களுக்குக் கம்மி, பெரிய நகரத்தின் காலை நிகழ்ச்சிக்குப் போனால் நன்றாக இருக்கும். நடுவில் நீண்ட பாலைவனம். ஒப்பந்த வேலைகள் அதிகம், ஊர் மாற வேண்டி வரும். விடுமுறை விஷயத்தில் ஒரு வேடிக்கை: எல்லோரும் வெளியே போக ஆசைப்படும் பண்டிகை நாட்களில்தான் வானிலைக்குக் கிராக்கி, அதனால் நாங்கள் வேலையில் இருப்போம். நான் மலைக்குப் போவது பெரும்பாலும் செவ்வாய், புதன். பாதையில் கூட்டமே இருக்காது. இதைக் குறை என்று சொல்ல மனம் வரவில்லை.

தோற்றத்தைப் பற்றி வரும் கடிதங்கள்?

வரும். பெண் சக ஊழியர்களுக்கு அதில் பத்து மடங்கு வரும், நாகரிகம் இல்லாமலும் வரும். பதில் போடுவதில்லை. வெப்ப அலை எச்சரிக்கை சொன்ன நாளில் கழுத்துப் பட்டையைப் பற்றி எழுதுகிறவருக்கு என்ன பதில் சொல்வது?

ஏஐ வந்துவிட்டதே, இந்த வேலை இருக்குமா?

முன்கணிப்புக் கணக்கில் அது உண்மையாகவே பெரிய மாற்றம். 2023-ல் கூகுள் டீப்மைண்டின் கிராப்காஸ்ட், ஹுவாவேயின் பாங்கு போன்ற மாடல்கள் வழக்கமான மாடல்களோடு போட்டி போட்டுக் காட்டின. ஐரோப்பிய மையம் 2025 பிப்ரவரியில் தன் சொந்த ஏஐ மாடலை அன்றாடப் பயன்பாட்டுக்கே கொண்டுவந்தது. மணிக்கணக்கில் ஓடிய கணக்கு நிமிடங்களில் முடிகிறது. எனக்கு இதில் மகிழ்ச்சிதான், எனக்குக் கிடைக்கும் கச்சாப்பொருள் தரமாகிறது.

வெறுமனே எண்களை வாசிக்கும் வேலை போய்விடும், போகட்டும். பத்து மாடல் பத்து விதமாகச் சொல்லும் நாளில், "நான் என் பயணத்தைத் தள்ளிப் போட்டுவிட்டேன்" என்று ஒரு மனிதர் சொல்வதற்கு இருக்கும் எடை அவ்வளவு சீக்கிரம் போகும் என்று எனக்குத் தோன்றவில்லை. நான் தவறாகவும் இருக்கலாம். அதற்கும் ஒரு சதவீதம் போடச் சொன்னால் 30 என்பேன்.

காலநிலை மாற்றத்தைப் பற்றித் திரையில் பேசுவீர்களா?

பேசுவேன், ஆனால் ஒரு நாள் வெயிலைக் காட்டி இல்லை. காலநிலை என்பது வழக்கமாக 30 ஆண்டு சராசரி, இப்போது ஒப்பிடப் பயன்படுவது 1991 முதல் 2020 வரையிலானது. இன்றைய வெப்பநிலைக்குப் பக்கத்தில் அந்தச் சராசரியையும் தினமும் போட்டுவிடுவேன். மேலே, கீழே என்று மாறிக்கொண்டே இருக்க வேண்டிய எண், மாதக்கணக்கில் மேலேயே இருப்பதைப் பார்ப்பவர்களே கவனித்துக் கேட்கத் தொடங்குகிறார்கள். மலையில் வருடா வருடம் ஒரே இடத்தில் நின்று படம் எடுப்பவர்கள் பனிக்கோடு ஏறுவதைச் சொல்வதும் இதே மாதிரிதான்.

மேகப் படம் அனுப்பினால் பெயர் சொல்வீர்களா?

கண்டிப்பாக, எனக்குப் பிடித்த வேலை அது. 1802-ல் லூக் ஹோவர்ட் என்ற ஆங்கிலேய மருந்து வணிகர் மேகங்களை வகை பிரித்துப் பெயர் வைத்தார், அவர் போட்ட அடித்தளம்தான் இன்றும் நிற்கிறது. அதற்காக எல்லாம் முடிந்துவிட்டது என்று நினைக்காதீர்கள். உலக வானிலை அமைப்பின் பன்னாட்டு மேக அட்லஸில் அலை புரட்டியது போன்ற 'ஆஸ்பெரிட்டாஸ்' 2017-ல்தான் சேர்ந்தது. அதைச் சேர்க்கச் சொல்லித் தூண்டியது பெரும்பாலும் பொதுமக்கள் எடுத்து அனுப்பிய படங்கள்.

படத்தோடு மூன்று விஷயம் எழுதுங்கள்: எத்தனை மணி, எந்தத் திசையைப் பார்த்து எடுத்தது, அடுத்த ஒரு மணி நேரத்தில் என்ன நடந்தது. தரையோ மரமோ கொஞ்சம் படத்தில் தெரியட்டும், இல்லையென்றால் அளவு பிடிபடாது. வண்ணத்தை மெருகேற்றி அனுப்ப வேண்டாம். சாம்பல் நிறம் எவ்வளவு அடர்த்தி என்பதில்தான் மழை இருக்கிறது.